ராஸ் தீவில் சொன்ன பொய்

பிப்ரவரி 11, 2009. புதன்.

இன்று ராஸ் தீவின் இடிபாடுகளைச் சுற்றிக்காட்ட சுற்றுலா வந்த ஐந்து பேரைக் கூட்டிப்போனேன். வெள்ளைக்காரர்களின் பழைய கல்லறைகளுக்கு நடுவே, மதுரையிலிருந்து வந்த அம்மா ஒருவர் கேட்டார்.

"உங்க வீட்டுக்காரம்மா என்ன பண்றாங்க, பாய்?"

"மௌத்தாயிட்டாங்கம்மா."

"எங்க அடக்கம் பண்ணீங்க?"

"இங்கதான், ஊருக்குள்ள ஜங்லிகாட் கபர்ஸ்தான்ல" என்றேன்.

பொய். ஆயிஷாவை கேம்பல் பே கரையில் சுனாமி கொண்டுபோனது. உடல் கிடைக்கவேயில்லை.

அந்த அம்மா தன் பையிலிருந்த மல்லிகைச் சரத்தை எடுத்து நீட்டினார். "வெள்ளிக்கிழமை அடக்கம் பண்ண இடத்துக்குப் போனா, அவங்களுக்கு வச்சிருங்க."

மறுக்கத் தெரியாமல் வாங்கிக்கொண்டேன். திரும்பும் படகில் அதைக் கடலில் போடக் கையை நீட்டினேன். முடியவில்லை. போட்டால், அவள் அங்கேதான் இருக்கிறாள் என்று நானே ஒப்புக்கொண்டதாகிவிடும்.

பூவை இப்போது அவளுடைய தலையணைமேல் வைத்திருக்கிறேன். அறை முழுக்க மணக்கிறது. தூக்கம் வரவில்லை.