அழிக்கச் சொன்ன வரி

பீரோ மேலிருந்து கேசட் பெட்டியை இறக்கித் திறந்தேன். பூஞ்சை வாசனை. போன வாரம் உன் மகள் சிங்கப்பூரிலிருந்து போன் செய்தாள். "ஆன்ட்டி, உம்மா பேசுனது ஏதாச்சும் உங்ககிட்ட இருக்கா? அத்தா இங்க வந்திருக்காங்க. சேர்ந்து கேக்கணும்." வாட்ஸ்அப் வருவதற்கு முன்பே போய்ச் சேர்ந்துவிட்டாய். அவள் அப்பாவுக்கு நீ பேசி அனுப்பிய கேசட்டுகள் ஷார்ஜாவிலேயே தொலைந்துபோயின, உன் குரல் வேறு யாரிடமும் இல்லை. இருக்கிறது என்று சொல்லிவிட்டேன். என்னிடம் மிஞ்சியிருப்பது எந்தக் கேசட் என்பது பிறகுதான் நினைவுக்கு வந்தது.

தொண்ணூறுகளின் கடைசியில், வட்டார வழக்கு ஆய்வுக்காகத் திருத்துறைப்பூண்டிக்கு பஸ் ஏறி உன் வீட்டுக்கு வருவேன். வாசலில் கடைக்காரரிடம் 'வந்தாங்க' என்பாய். உள்ளே உன் உம்மாவிடம் அதே ஆள் 'வந்தாஹ' ஆகிவிடுவார். மழை உங்கள் தெருவில் 'மளை'. கல்லூரித் தோழி என்பதால் என்னிடமும் வீட்டுப் பேச்சுதான். நான் எழுத ஆரம்பித்தால் மட்டும் உன் நாக்கு நிமிர்ந்துகொள்ளும். "நான் வாயைத் தொறந்தா நீ நோட்டைத் தொறக்குறியேடி" என்று சிரிப்பாய்.

ஷார்ஜாவிலிருந்த கணவருக்குக் கடிதத்துக்குப் பதில் மாதம் ஒரு கேசட் பேசி அனுப்புவாய். ஆய்வுக்குக் கேட்டேன், பிரதி எடுத்துக்கொண்டு தபாலில் போடச் சொல்லித் தந்தாய். ஒரு மாதம் மட்டும் கடைசி வரியை அழித்துவிட்டு அனுப்பச் சொன்னாய். "அவஹ அங்க தனியா இருந்து கேப்பாஹ. தாங்க மாட்டாஹ." எதிர்வீட்டு அண்ணனைப் பற்றிய வரி அது:

"எதுத்த வூட்டு நானா துபாய்லேருந்து வந்துட்டாஹ மச்சான். நம்ம புள்ள அவஹளைப் பார்த்து அத்தாங்குது."

அவருக்குப் போனதில் அழித்தேன். என் பிரதியில் விட்டுவைத்தேன். வேறெங்கும் அந்த 'ஆஹ' விகுதி அவ்வளவு தெளிவாக விழவில்லை. ஆய்வேட்டில் எடுத்துக்காட்டாகச் சேர்த்தேன். பெயரைப் போடவில்லை, அது போதும் என்று நினைத்தேன்.

ஆய்வேட்டைக் காட்ட வந்தபோது அந்தப் பக்கத்தில் உன் விரல் நின்றது.

"அழிக்கச் சொன்னேன்ல."

அரிய சான்று, கிடைக்காத வடிவம் என்று ஏதேதோ விளக்கினேன். பொறுமையாகக் கேட்டாய்.

"என் புள்ளைக்குத் தகப்பன் யாருன்னு தெரியலங்கறது உனக்கு உதாரணமா?"

பிறகு எழுந்துபோய் டீ போட்டு வந்தாய். நட்பு முறியவில்லை. பிரியாணி ஆக்கினால் ஆள் அனுப்புவாய். ஆனால் அன்றிலிருந்து என்னிடம் 'வந்தாங்க' என்றே பேசினாய். கடைக்காரரிடம் பேசுவதுபோல. காது பழகியவள் நான், முதல் நாளே தெரிந்துவிட்டது. மன்னிப்புக் கேட்க மட்டும் வாய் வரவில்லை.

கடைசியாக, தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில், கண்ணைத் திறக்காமலே கேட்டாய்: "டாக்டர் வந்தாஹளாடி?"

இன்னும் இல்லை என்று சொல்லி உன் கையைப் பிடித்துக்கொண்டேன்.

நேற்று கேசட்டைக் கணினியில் ஏற்றினேன். நீ பால்காரரைத் திட்டுவது, நடுவில் குழந்தைக்கு மூக்குத் துடைத்துவிடுவது, எல்லாம் அப்படியே அனுப்பினேன். கடைசி வரியை மட்டும் வெட்டி எடுத்தேன். அத்தா மறுபடி போடச் சொல்கிறார் என்று உன் மகள் செய்தி அனுப்பியிருக்கிறாள்.

வெட்டியது என்னிடம் இருக்கிறது. இனி அதை யாருக்கும் உதாரணம் காட்ட மாட்டேன்.