படத்தில் இருப்பது நான்தான்

மார்ச் 4

அன்புத் தம்பிக்கு,

உன் மருமகளுக்குக் காய்ச்சல் விட்டுவிட்டது, வயிற்றுப்போக்குதான் நிற்கவில்லை. எல்லாம் லாரித் தண்ணீர் செய்கிற வேலை. நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா?

நேற்று உன் பத்திரிகையில் என் படம். போன மாதம் வந்தபோது புதுக் குழாயடியில் குடத்தோடு நிற்கவைத்து எடுத்தாயே, அது. கீழே, "அமைச்சர் குழாயைத் திறந்ததும் கண்கலங்கி நன்றி சொன்ன குடும்பத் தலைவி" என்று போட்டிருக்கிறது. முந்தாநாள் மாலை அமைச்சர் வந்தார், திறந்தார், காற்றுதான் வந்தது. நனையாத கையைத் துடைத்துக்கொண்டு காரில் ஏறிவிட்டார்.

எதிர்வீட்டு டெய்லர் கேட்கிறான்: "என்னக்கா, உங்க வீட்டுக்கு மட்டும் தனி லைனா?" தண்ணீர் வரவில்லை என்று தெருவே சேர்ந்து கொடுத்த புகார் மனுவில் முதல் கையெழுத்து என்னுடையது. பதினெட்டாம் தேதி விசாரணை. அதற்குள், செய்தி தவறு என்று ஒரு வரி போடச் சொல்லப்பா.

பிரியமுள்ள அக்கா

மார்ச் 9

அன்புள்ள அக்கா,

கோபப்படாதே. விழா மாலையில், எங்கள் பத்திரிகைப் பக்கம் மதியமே அச்சுக்குப் போய்விடும். அமைச்சர் அலுவலகம் அனுப்பும் குறிப்பை வைத்து, நடக்கும் முன்பே எழுதிவிடுவோம். எல்லாப் பத்திரிகையும் அப்படித்தான். மோட்டாருக்குக் கரண்டே கொடுக்கவில்லை என்று நான் கண்டேனா? சிரித்த முகம் ஒன்று வேண்டும் என்றார் ஆசிரியர். வேறு யார் படத்தைப் போட்டாலும் மறுநாள் சண்டைக்கு வருவார்கள். நீ என்னை விட்டுக்கொடுக்க மாட்டாய் என்ற தைரியம்தான்.

மறுப்பு போட்டால் அரசு விளம்பரம் போய்விடும். அதற்கு முன்னால் என் வேலை போய்விடும். உனக்குத் தெரியாததா? குழந்தையை நல்ல டாக்டரிடம் காட்டு.

உன் தம்பி

மார்ச் 19

தம்பிக்கு,

விசாரணையில் அதிகாரி உன் பத்திரிகையைத் தூக்கிக் காட்டினார். "மனு கொடுத்த அம்மாவே ஆனந்தக் கண்ணீர் விட்டிருக்காங்க. அப்புறம் என்ன புகார்?"

பின்வரிசையிலிருந்து டெய்லர், "அக்கா எப்பவோ விலை போயாச்சு சார்" என்றான். ஒருவரும் அவனை அடக்கவில்லை.

எழுந்தேன். "படத்துல இருக்கிறது நான்தான். அழுதது நான் இல்லை."

"பத்திரிகைக்காரங்க பொய் எழுதுவாங்களாம்மா?" என்று சிரித்தார்.

"எழுதினவன் என் கூடப்பிறந்தவன். அவனையே கூப்பிட்டுக் கேளுங்க."

உன் பெயரைக் கேட்டார். சொன்னேன். சிரிப்பு நின்றது. மனுவைத் தள்ளுபடி செய்யாமல் அடுத்த மாதத்துக்கு ஒத்திவைத்தார்.

விசாரணைக்கு வரச்சொல்லி உனக்கு அழைப்பு வரும். உண்மையைச் சொல்வதோ, வேலையைக் காப்பாற்றிக்கொள்வதோ உன் இஷ்டம். ஆனால் வீட்டுக்கு வராதே. நீ என் வீட்டில் கை நனைத்தது தெரிந்தால் தெரு என்னை மறுபடியும் நம்பாது. பஸ் நிலையத்துக்கு எதிரே லாட்ஜ் இருக்கிறது.

அக்கா