சலூனில் ஓடிய படம்

மார்ச் 4

அன்பு மகளுக்கு அப்பா எழுதுவது.

இங்கே நலம். உன் அம்மாவும் நலம். என்னைத் திட்டும் குரலில் ஒரு குறையும் இல்லை. போனில் எதுவும் பேசாதீர்கள் என்றாய், அதனால் கடிதம். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் என்னைக் கைகழுவிவிட்டது. பிழையிருந்தால் அதைத் திட்டு.

பத்திரமாக வைக்கச் சொல்லி நீ அனுப்பிய பென்டிரைவ் வந்தது. சலூன் டிவியில் பத்திரமாகச் செருகிவிட்டேன். கோபப்படாதே. ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் மளிகைக்கடைக்காரர், "உம் பொண்ணு கல்யாண வீடியோதானே எடுக்குது?" என்றார். ரோஷம் வந்து உன் படத்தைப் போட்டுவிட்டேன். நம்மூர் ஆலையில் பாய்லர் வெடித்த அன்று பிணங்களைக் கணக்கில் காட்டாமல் பின்வாசலில் லாரியில் ஏற்றியதைப் படத்தில் ஆலை வாட்ச்மேன் சொன்னபோது மளிகைக்காரர் பாதி மீசையோடு உறைந்துபோனார்.

புதிதாக வந்த ஒருவர்தான் "இன்னொரு தடவ போடுங்கண்ணே" என்றார். நல்ல ரசிகர். வாட்ச்மேன் முகத்தில் நிறுத்தச் சொல்லி, "இவர எங்கியோ பாத்திருக்கேனே" என்றார்.

"பாக்காம எப்படி? நம்ம கடைக்கு வர்றவர்தான். தண்ணித்தொட்டிக்குப் பின்னால வீடு" என்றேன். எனக்குக் கத்தரி நின்றாலும் வாய் நிற்காதே.

உன் அப்பா

மார்ச் 9

அப்பா,

அது நான் எடுத்து முடிக்காத படம். முகத்தை மறைத்து, குரலை மாற்றிவிடுகிறேன் என்று வாக்குக் கொடுத்துத்தான் வாட்ச்மேனைப் பேச வைத்தேன். அந்த வேலை இன்னும் நடக்கவில்லை. இங்கே யாராவது வந்து பறித்துக்கொண்டால் ஒரு பிரதியாவது மிஞ்சட்டும் என்றுதான் உங்களுக்கு அனுப்பினேன். விவரம் சொல்லாதது என் தப்பு.

இதைப் படித்ததும் அவர் வீட்டுக்குப் போங்கள். குடும்பத்தோடு உடனே கிளம்பச் சொல்லுங்கள். சனிக்கிழமை நான் வருகிறேன்.

அந்தப் புது ஆள் மறுபடி வந்தாரா?

உங்கள் மகள்

மார்ச் 13

அன்பு மகளுக்கு,

உன் கடிதத்தைப் படித்ததும் ஓடினேன். ஒருத்தரைச் சோப்பு நுரையோடு விட்டுவிட்டு ஓடினேன். என் தொப்பையோடு அது ஓட்டமா, உருளலா என்று தெருவே பார்த்தது.

வாட்ச்மேனின் மனைவி வாசலில் நின்றார். "வாங்கண்ணே. அவரு உங்ககூட வரலையா? 'சலூன் அண்ணன் கூப்பிடுறாரு'ன்னு முந்தாநேத்து ஒருத்தர் வந்து கூட்டிட்டுப் போனாரே" என்றார்.

நான் யாரையும் அனுப்பவில்லை, பாப்பா.

போலீஸ் ஸ்டேஷனில் "வந்துருவாரு, போங்க" என்கிறார்கள். அந்தம்மாவும் பிள்ளைகளும் இப்போது நம் வீட்டில். அந்தம்மா உன்னிடம் சொல்லச் சொன்னது ஒன்றுதான்: "இனிமே அவரு மொகத்த மறைக்க வேணாம்."

நீ கேட்ட ஆள் வந்தார். இதை எழுதும்போதும் எனக்குப் பின்னால் நாற்காலியில்தான் இருக்கிறார். சவரத்துக்கு வந்தாராம், கன்னம் மழமழவென்று இருக்கிறது.

"பொண்ணுக்கா லெட்டரு? எப்ப வர்றாங்க?" என்றார்.

"அது எங்க வரப்போகுது? எங்களுக்குள்ள பேச்சுவார்த்தையே இல்ல தம்பி. இதுக்கும் பதில் வராது" என்றேன்.

சனிக்கிழமை வராதே. படத்தை முடி. அப்பா சொன்னது பொய்யாகிவிடக் கூடாது; பதில் எழுதாதே.

அப்பா