வயலினோடு ஒட்டாத கதை

அம்மா,

இன்று டீ இடைவேளையில், பக்கத்து மெஷின் பெண்ணின் செல்போனிலிருந்து அந்தப் பழைய டிவி தொடரின் தொடக்க இசை கேட்டது. மணி அடித்தும் எனக்கு எழத் தோன்றவில்லை.

இரண்டாயிரத்து ஐந்தோ ஆறோ. சர்க்கரை நோயில் உன் பார்வை முழுதாகப் போயிருந்த சமயம். பனியன் கம்பெனியில் ஓவர்லாக் தையல் மெஷின் ஓட்டிவிட்டு ஏழு மணிக்கு வருவேன். ஏழரைக்கு உன் தொடர். நீ கட்டிலில், நான் கீழே சுவரில் சாய்ந்தபடி. "இப்ப என்ன கண்ணு நடக்குது?" என்பாய். பார்த்துச் சொல்வது என் வேலை.

பாதி உனக்கே தெரிந்துவிடும். உடுக்கைச் சத்தம் எழுந்தால், "மாமியாக்காரி வந்துட்டாளாட்ட இருக்குது" என்பாய். புல்லாங்குழல் என்றால் மூத்த மகள். வசனத்துக்கு முன்பே உன் முகம் மாறிவிடும்.

எனக்கோ கண் சொருகும். நீ கேட்டதும் திடுக்கிட்டு வாய்க்கு வந்ததைச் சொல்வேன். "கோயிலுக்குப் போறாங்கம்மா." "சாப்பிடறாங்கம்மா." ஒருநாள், "அவ சிரிக்கறாம்மா" என்றேன். சொன்ன பிறகுதான் வயலின் காதில் விழுந்தது. இழவு வீட்டுக்கு வாசிக்கிற வாசிப்பு.

நீயோ, "சிரிக்கட்டும் கண்ணு" என்றாய்.

மறுநாளிலிருந்து நீ எதுவுமே கேட்கவில்லை. தொடர் உனக்குச் சலித்துவிட்டது என்று நினைத்தேன். உண்மையைச் சொன்னால், அது எனக்கு நிம்மதியாக இருந்தது.

நீ போய்ச் சேர்ந்த மூன்றாம் நாள், பக்கத்து வீட்டுச் சரசு அக்கா சொன்னார்: "உங்கம்மா பகல்ல எங்கிட்டத்தான் கதை கேப்பாங்க கண்ணு. 'புள்ள அலுத்துப்போயி வருது, கேட்டாத் திடுக்குன்னு முழிக்குது. நான் மியூசிக்கை வெச்சே புரிஞ்சுக்கறேன், அது தூங்கட்டும்'னாங்க."

அன்று அழக்கூட எனக்குத் தெம்பில்லை.

அந்தத் தொடர் எப்படி முடிந்ததென்று எனக்கு இன்றுவரை தெரியாது. அதன் கடைசிப் பகுதி வந்த அன்றும் உன் கட்டிலோரம் தூங்கிவிட்டேன். அதற்குப் பிறகு எத்தனையோ ஞாயிற்றுக்கிழமைகள் படுத்துப் பார்த்துவிட்டேன். அந்த அரைமணி நேரத் தூக்கம் திரும்ப வரவில்லை. நான் பொய் சொன்னது உனக்குத் தெரியும். நீ கோபித்திருந்தால் மன்னிப்பாவது கேட்டிருப்பேன். நீ கோபிக்கவில்லை. அதைத்தான், அம்மா, என்னால் இன்னும் இறக்கி வைக்க முடியவில்லை.