பரணில் தொங்கும் இன்னொரு வள்ளி

1961 ஜூன் 5, திங்கள்.
வெள்ளனே மூடுபனி. கூக்கால் ஏரி கண்ணுக்கே படவில்லை. விதைப் பூண்டு கட்டும் சோலி. பரண் முழுக்க நானே தொங்கவிட்டேன் (தங்கச்சி பேச்சி கொஞ்சம் கட்டிக் கொடுத்தாள்). அடுப்புப் புகை நன்றாக ஏறுகிறது.

இப்படி ஒரு ரெக்கார்டு ரூம் மதுரையில்கூடக் கிடையாது. முன் வரிசைப் பூண்டுக் கட்டெல்லாம் என் வாழ்க்கையில் நடந்தது. பின் வரிசையெல்லாம் வேறு மாதிரி நடந்தது. உ-ம்: பின் வரிசை ஓரக் கட்டு, நான் எட்டாம் வகுப்பு பாஸாகித் தாசில்தார் ஆனது. அடுத்த கட்டு, சிறுத்தை என்னைக் கடித்தது. (முன் வரிசையில் அதட்டி அனுப்பிவிட்டேன்.) கட்டைத் தொட்டால் போதும், முழு விவரமும் வந்துவிடும். கொடைக்கானல் ஆபீசில் ரெக்கார்டு ரூம் கூட்டிப் பெருக்கிய அனுபவம்.

பேச்சி மகள் வள்ளிக்குத் திண்டுக்கல்லில் டீச்சர் டிரெயினிங் இடம். சனிக்கிழமைக்குள் போய்ச் சேர வேண்டும். மச்சான் இறந்தபின் வீட்டில் பேச்சி வைத்ததுதான் சட்டம்.
"அண்ணே, அவ போனா எப்படி, போகாட்டி எப்படி? ஒன் பரண்ல பாத்துச் சொல்லு."
சிரித்துக்கொண்டுதான் கேட்டாள். கண்ணில் சிரிப்பில்லை.

ஜூன் 6.
மழை. இரண்டு நல்ல கட்டு ஒதுக்கினேன். போனால்: டீச்சர், மூக்குக் கண்ணாடி, குடை. போகாவிட்டால்: ஊருக்குத் தினம் மூணு பஸ், பூண்டுக்குத் தங்க விலை, வள்ளிக்கு மாடி வீடு, ஜீப் ஓட்டும் மாப்பிள்ளை. சொல்லச் சொல்ல ஊறிக்கொண்டே வந்தது. நிறுத்த முடியவில்லை. (அவள் போய்விட்டால் என் கதையெல்லாம் யார் கேட்பது?)
பேச்சி: "அப்ப இங்ஙனயே கெடக்கட்டும்."
ராச்சோற்றை வள்ளி டொக்கென்று வைத்தாள்.

ஜூன் 7.
தூறல். முதுகில் வாயு. வள்ளி பெட்டியிலிருந்த துணியை எடுத்துத் திரும்பக் கொடியில் போடுகிறாள். காய்ந்த துணிதான்.
"மாமா, நான் அழுதது எந்த வரிசை?"
ஏணி ஏறி இரண்டு வரிசையும் தடவினேன். அந்தக் கட்டு எனக்கே அகப்படவில்லை!

மத்தியானம் ரசம் நான் வைத்தேன். பூம்பாறை வரை மணந்திருக்கும்.
பேச்சி ஒரு வாய் குடித்துவிட்டு, "ஏது பூண்டு?"
"போகாட்டிக் கட்டு."
"வெதைப் பூண்டையா! மருந்துக்குக் கேட்டாக்கூட ஒரு பல்லு தர மாட்டியே!"
"இனி அந்த வழி கெடையாதுத்தா. நாமதான் குடிச்சாச்சே."
கிண்ணத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.
"அவ போகணும்னு ஒனக்கே இருக்கா, அண்ணே?"
தலையை ஆட்டினேன்.
"சரி. இன்னொரு கரண்டி ஊத்து. மாடி வீட்டையும் முடிச்சிருவோம்."
கொடியில் துணி இல்லை. எப்போது எடுத்தாளோ.

ஜூன் 9, வெள்ளி.
நல்ல வெயில். பெட்டி என் தலையில், பூம்பாறை வரை நடை. புயல் மாதிரி நடந்தேன். வள்ளி அங்கங்கே எனக்காக நின்றாள். காய்கறி லாரியில் முன் சீட்டு, துணைக்கு டிரைவர் சம்சாரம்.
"மாமா, போனாக் கட்டையும் ரசம் வச்சிராதீங்க."

ஜூன் 10.
தூறல். பேச்சி என் பரணை ஒரு நாளும் நம்புவதாக ஒத்துக்கொண்டவள் இல்லை. வெள்ளனே ஏணியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள்.
"வெரசா ஏறு, அண்ணே. சாப்பிட்டாளான்னு மட்டும் பாரு."