நவம்பர் பூசையில் அப்பாவின் பெயர்

அன்புள்ள அம்மாவுக்கு,

முழங்கால் வலி குறைந்ததா? நான் நலம். வலக்கை விரல் மட்டும் கொஞ்சம் வீங்கியிருக்கிறது, பயப்படாதீர்கள்.

ஞாயிறன்று பிளேஸ்டோ மாமாவின் மகன் அனிஸ்ரனோடு ஒரு பழைய ஜப்பான் படம் பார்க்கப் போனேன். போரில் காணாமல்போன கணவனின் எலும்பு என்று இராணுவம் ஒருத்திக்குப் பெட்டி அனுப்புகிறது. திறந்தால் உள்ளே கல். ஊரே அதைக் கும்பிடச் சொல்கிறது. அவளோ, அந்தப் பெட்டியை அனுப்பிவிட்டு இப்போது அரசியல்வாதியாகிவிட்ட அதிகாரியைத் தேடிப்போய்க் கல்லால் வாயை உடைக்கிறாள். பல் தரையில் சிதறும்வரை கமரா நகரவில்லை. பக்கத்திலிருந்தவர்கள் முகத்தை மூடினார்கள். நான் கை தட்டினேன்.

வெளியே வந்ததும் அனிஸ்ரன் சொன்னான்: "மரிச்சவைக்கான நவம்பர் பூசைக்கு உன்ரை அப்பாவின்ரை பேரையும் குடுத்திட்டம். உன்ரை அம்மாவும் ஓம் எண்டவா."

"செத்ததை ஆர் கண்டது?"

"எத்தினை வருஷம் இழுக்கிறது, டெனுசன்? படம் பாத்து உனக்கு விசர்."

அடித்துவிட்டேன். அவன் உதட்டில் தையல் போட்டிருக்கிறார்கள்.

அம்மா, போர் முடிந்த அன்று வட்டுவாகலில் நாம் அப்பாவை உயிரோடுதானே இராணுவத்திடம் கையளித்தோம்? நமக்கு ஒரு கல்கூடத் தரவில்லை. கொண்டுபோனவன் வாய் திறக்குமுன் நாமே அவரைச் சாகடித்தால் அவனுக்கு வேலை மிச்சம். காத்திருந்து களைத்துவிட்டீர்கள் என்றால் என்னிடம் நேரே சொல்லுங்கள், மாமா வீட்டில் அல்ல.

கொஞ்சம் கறித்தூள் அனுப்புங்கள். ஒரு ஆளுக்கு எவ்வளவு போடுவது என்றும் எழுதுங்கள், எப்போதும் மிஞ்சுகிறது.

ஷிப்டுக்கு நேரமாகிறது. மாமாவுக்குப் போன் எடுத்து அந்தப் பெயரை எடுக்கச் சொல்லுங்கள். எடுக்காவிட்டால், பூசையில் பங்குச் சுவாமி அதை வாசிக்கும்போது கோயில் நடுவில் எழுந்து நிற்பேன்.

உங்கள் மகன்,
டெனுசன்