சோம்பேறி 417

அண்டார்டிகா, கரை முகாம்
24 நவம்பர் 1994

அன்புள்ள அவ்ரேலியோ,

நலம். உடம்பு நலம் என்றுதான் சொல்கிறேன்; மூக்குக்கு நான் பொறுப்பில்லை. லா பிளாத்தா வீட்டில் நீயும் குட்டி செலஸ்தேயும் சளி காய்ச்சல் இல்லாமல் இருக்கிறீர்களா? உன் கடிதம் செவ்வாய்க்கிழமை விமானத்தில் வந்தது. பிரிப்பதற்கு முன்னால் உறையை முகர்ந்து பார்த்தேன். நம் வீட்டுச் சோப்பு வாசனை. என் கைபட்ட ஐந்தாவது நிமிடம் அதுவும் போய்விட்டது.

இந்த நாற்றத்தை நீ மறந்திருப்பாய். ஒரே சரிவில் பன்னிரண்டாயிரம் பென்குயின்கள். முட்டையை விட்டு எழக்கூடாது என்பதற்காக உட்கார்ந்த இடத்திலேயே வாலைத் தூக்கிப் பீய்ச்சி அடிக்கின்றன. பக்கத்துக் கூட்டுக்காரனின் வெள்ளை மார்பில் இளஞ்சிவப்புக் கோடு விழுகிறது. அவனும் சும்மா விடுவதில்லை. பனி உருகுகிற இடத்திலெல்லாம் இது கஞ்சியாகத் தேங்கி நிற்கிறது. அதில் முழங்கால் போட்டுத்தான் நான் கூடுகளை எண்ணுகிறேன். தலையை மூன்று முறை அலசியும் போகவில்லை. மாத்தே தேநீரை உறிஞ்சுகிற குழலில்கூட மீன் கவிச்சி. இந்த வருடம் உதவிக்கு ராணுவத் தளத்திலிருந்து சார்ஜெண்ட் பனேகாஸை அனுப்பியிருக்கிறார்கள். ஐம்பது வயது, ஓயாத வாய். படகு மோட்டாரும் சமையலும் அவர் பொறுப்பு. நேற்று வாசலில் மறித்து நின்றுகொண்டு, "டாக்டரம்மா, உங்க கோட்டு வெளியிலயே படுக்கட்டும். அது உள்ள வந்தா நான் வெளிய போயிடுவேன், அப்புறம் பயறு யாரு வேக வைக்கிறது?" என்றார்.

இவற்றின் குணமும் அப்படித்தான். கூடு கட்டக் கூழாங்கல்லை விட்டால் இங்கே ஒன்றுமில்லை. ஒவ்வொன்றும் தன் கல்லுக்குக் காவலிருந்துகொண்டே பக்கத்து வீட்டில் திருடுகிறது. திருடிவிட்டு வானத்தைப் பார்க்கிறது. போன வாரம் இரண்டு நாள் பனிப்புயல் அடித்தது. ஓய்ந்த பிறகு போய்ப் பார்த்தால் சரிவு முழுக்க வெள்ளை மேடுகள், மேட்டுக்கு மேடு மூச்சு விட ஓர் ஓட்டை, ஓட்டையில் ஒரு அலகு. அந்த நிலையிலும் ஒருவன் தலையை நீட்டிப் பக்கத்து மேட்டைக் கொத்திக்கொண்டிருந்தான்.

நீ கேட்ட 417-ஆம் எண் பட்டைக்காரி இன்னும் வரவில்லை. மற்ற பெண்களெல்லாம் முட்டையிட்டுக் கடலுக்குப் போய், தின்று கொழுத்து, இரண்டு வாரத்தில் திரும்பிவிட்டார்கள். இவளைக் காணோம். முப்பத்தொன்றாம் கூட்டில் இவளுடைய ஆண் இரண்டு முட்டைகள்மேல் உட்கார்ந்திருக்கிறான். அக்டோபர் நடுவில் கரையேறியவன், இதுவரை ஒரு வாய் தின்னவில்லை. பனியைக் கொத்தி விழுங்குகிறான், அவ்வளவுதான். மார்பெலும்பு தெரிகிறது. செலஸ்தே அவனுக்கு 'பாவம் அப்பா' என்றும் இவளுக்கு 'சோம்பேறி அம்மா' என்றும் பேர் வைத்தது சரியாகத்தான் இருக்கிறது. ஆறு வருடமாக ஒரு தடவையாவது நேரத்துக்கு வந்தாளா? இவளை நினைத்தாலே எனக்குக் குமட்டுகிறது.

ஆனால் நீ எழுதிய வரி எனக்குப் பிடிக்கவில்லை. "417 வந்தாச்சா, இல்ல அதுவும் உன்ன மாதிரி ஊர் சுத்துதா?" என்று கேட்டிருக்கிறாய். உன் அக்கா ஓஃபெலியா இதைப் படித்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தாள் என்று வேறு எழுதியிருக்கிறாய். ஒரு வருடம் நீ, ஒரு வருடம் நான் என்றுதானே பேசிக்கொண்டோம்? இந்த வருடம் உன் முறை. ஏப்ரல் மாநாட்டுக்கு அறிக்கை தயாரிக்க வேண்டும் என்று நீ கேட்டாய், நான் மறுபடியும் வந்தேன். இதை அக்காவுக்கும் வாசித்துக் காட்டு.

குழந்தைக்குக் காது வலி வந்தால் எண்ணெய் விடாதே, டாக்டரிடம் போ.

உன்
நில்தா


30 டிசம்பர் 1994

அவ்ரேலியோ,

புத்தாண்டு வாழ்த்து. இதை ரேடியோவில் சொல்லியிருக்கலாம், ஆனால் ரேடியோவில் பேசினால் தளம் முழுக்கக் கேட்கும். இதை நீ மட்டும் படி. ஓஃபெலியா இல்லாத நேரத்தில் படி.

முப்பத்தொன்றாம் கூடு போய்விட்டது. நவம்பர் இருபத்தாறு காலை 'பாவம் அப்பா' எழுந்து நின்றான். குனிந்து முட்டைகளைப் பார்த்தான், அலகால் ஒரு தடவை உருட்டினான், பிறகு கடலைப் பார்த்து நடந்துவிட்டான். அவனைக் குறை சொல்ல மாட்டேன். இன்னும் இரண்டு நாள் இருந்திருந்தால் அங்கேயே செத்திருப்பான். அவன் பத்தடி போவதற்குள் ஒரு ஸ்குவா பறவை இறங்கியது. அந்தப் பழுப்புத் திருடன் முதல் முட்டையைக் கூட்டிலேயே உடைத்துக் குடித்தான், இரண்டாவதைத் தூக்கிக்கொண்டு போனான். நான் பார்த்துக்கொண்டு நின்றேன். குறுக்கிடக் கூடாதல்லவா, நம் விதி.

மறுநாள் மத்தியானம் 417 வந்தாள். வயிறு நிறைய மீனோடு, ஓட்டமும் வழுக்கலுமாக வந்தாள். வெறும் கல்லைப் பார்த்து நின்று கத்தினாள். பக்கத்தில் இருந்தவை எல்லாம் கொத்தின. எனக்கு வந்த கோபத்தில் பனேகாஸைக் கூப்பிட்டு அவளைப் பிடிக்கச் சொன்னேன். பட்டை எண்ணைச் சரிபார்த்து, குறிப்பேட்டில் 'பொறுப்பில்லாதவள்' என்று எழுதிவிட்டு விடுவதாகத்தான் எண்ணம்.

அவர் அவளைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு இடது துடுப்புச் சிறகைத் தூக்கினார். ஆறு வருடம் முன்னால் நான் குறட்டால் அழுத்தி மூடிய அதே உலோகப் பட்டை. அதற்குக் கீழே இறகு இல்லை. தேய்ந்து, தோல் பச்சைப்புண்ணாக இருந்தது. பனேகாஸ் சிரிக்காமல் பேசி நான் கேட்டது அன்றைக்குத்தான். "டாக்டரம்மா, நான் மோட்டார் பாக்கறவன். தண்ணிக்குள்ள சுத்துற விசிறியில ஒரு தகடு மாட்டிக்கிச்சுன்னா படகு நிக்காது, ஓடும். ஆனா எரிபொருளக் குடிச்சித் தீத்துட்டு எல்லாத்துக்கும் பின்னாடி வந்து சேரும். இதுங்களுக்கு இதுதானே விசிறி? இதுல போயி ஏன் தகட்ட மாட்டினீங்க?"

உனக்கு என்ன பதில் தோன்றுகிறது?

அன்றிலிருந்து ஒரு மாதம், பகலில் கூடுகள், மிச்ச நேரமெல்லாம் தகரப்பெட்டியில் இருக்கும் ஆறு வருடக் குறிப்பேடுகள். பட்டை உள்ளவற்றைத் தனியாகவும் இல்லாதவற்றைத் தனியாகவும் பிரித்தேன். இத்தனை வருடம் அப்படி ஒரு தடவைகூடப் பிரித்துப் பார்க்க நமக்குத் தோன்றவில்லை, அதுதான் அசிங்கம். பட்டை இல்லாத நூறு கூட்டில் அறுபத்தொன்று குஞ்சு வளர்த்து விட்டிருக்கின்றன. பட்டை உள்ள நூறில் முப்பத்தெட்டு. எல்லா வருடமும் பட்டைக்காரிகள்தான் தாமதம். கடலில் தீனி குறைகிறது, அதனால்தான் குஞ்சுகள் குறைகின்றன என்று நீ அறிக்கை எழுதிக்கொண்டிருக்கிறாய். குறைத்தது நம் குறடு, அவ்ரேலியோ. எல்லாவற்றையும் இல்லாவிட்டாலும் பாதியையாவது.

எனக்கு என்மேல் வருகிற அருவருப்பைச் சொல்லி முடியாது. இங்கே இப்போது எல்லாக் கூட்டிலும் குஞ்சு. தாய் கடலிலிருந்து வந்து வாயைத் திறக்கிறது, குஞ்சு தலை முழுவதையும் தொண்டைக்குள் விட்டு அரைகுறையாய்ச் செரித்த கூழை உறிஞ்சுகிறது, மிச்சம் சாம்பல் ரோமமெல்லாம் வழிகிறது. பிடித்து எடை பார்த்தால் என் சட்டைக் கைக்குள் கக்குகிறது. போன மாதம் வரை இதைக் கண்டு முகம் சுளித்தேன். இப்போது நம் குறிப்பேட்டைத் தொட்டால்தான் கை கழுவத் தோன்றுகிறது. தாய் போனால் தகப்பன், தகப்பன் போனால் தாய் என்று இதுகள் முறை வைத்து, உறைபனியில் பட்டினி கிடந்து வளர்க்கின்றன. நாம் சிறகில் தகட்டை மாட்டிவிட்டு, தாமதமாக வந்தவளைச் சோம்பேறி என்று மையால் எழுதியிருக்கிறோம். என் கையெழுத்தில் நான்கு இடம், உன் கையெழுத்தில் ஏழு. 92-ஆம் வருடப் பக்கத்தில் நீ எழுதியது: "417 இந்த முறையும் தாமதம். சிலர் தாயாகவே கூடாது."

இதே வாக்கியத்தை நான் வேறோர் இடத்திலும் கேட்டிருக்கிறேன். கப்பல் ஏறுவதற்கு முந்தைய ஞாயிறு, சாப்பாட்டு மேசையில், ஓஃபெலியா வாயால். நீ தட்டைப் பார்த்துக்கொண்டு இறைச்சியை நறுக்கிக்கொண்டிருந்தாய்.

ஜனவரி இருபத்தெட்டாம் தேதி இருநூறு குஞ்சுகளுக்குப் புதிதாகப் பட்டை மாட்டவேண்டும் என்று உன் திட்டத்தில் இருக்கிறது. வேண்டாம் என்று அடுத்த விமானத்தில் ஒரு வரி எழுது. திட்டம் உன் பேரில் இருக்கிறது, அதனால் கேட்கிறேன்.

நில்தா


25 ஜனவரி 1995

அவ்ரேலியோ,

உன் பதில் பதினெட்டாம் தேதி வந்தது. எண்ணிக்கை போதாது என்கிறாய். பட்டை மாட்டியவை தொடக்கத்திலேயே நோஞ்சானாக இருந்திருக்கலாம் என்கிறாய். மாநாடு முடியட்டும், பிறகு நிதானமாகப் பார்க்கலாம், அதுவரை இருநூறையும் திட்டப்படி மாட்டு, யாரிடமும் வாய் திறக்காதே என்கிறாய். ஞாயிற்றுக்கிழமை மேசையைப் பற்றி ஒரு சொல் இல்லை. அந்தப் பத்தி தபாலில் தொலைந்ததுபோல எழுதியிருக்கிறாய்.

அதே உறைக்குள் செலஸ்தே வரைந்த படம் இருந்தது. ஒரு பென்குயின், அதன் பக்கத்தில் நான். இரண்டு பேருக்கும் இடது கையில் சாம்பல் நிறப் பட்டை. இரண்டு பட்டையிலும் 417. கீழே, "சோம்பேறி அம்மாக்கள் வருகிறார்கள்." ஏழு வயதுக் குழந்தை அதைத் தானாகக் கண்டுபிடிக்கவில்லை. வீட்டில் நீங்கள் சொல்லிச் சிரித்திருக்கிறீர்கள். பனேகாஸ் அதைச் சுவரில் ஒட்டப் பசை எடுத்து வந்தார், படித்துப் பார்த்துவிட்டுப் பசையைத் திரும்ப வைத்துவிட்டார். "சின்னப் புள்ள, தெரியாம வரைஞ்சிருக்கும். வுடுங்க டாக்டரம்மா" என்றார். அன்று முதன்முதலாக என் கோட்டை அவரே எடுத்து உள்ளே மாட்டினார்.

நான் செய்ததைச் சொல்லிவிடுகிறேன், மற்றவர் வாயால் நீ கேட்கவேண்டாம். ஏழு நாளாக நானும் அவரும் பட்டைகளைக் கழற்றுகிறோம். இதுவரை எழுபத்து மூன்று. கால் முழங்கால்வரை எச்சத்தில், கையெல்லாம் கொத்துக் காயம், கண்ணில்கூட ஒரு தடவை பீய்ச்சி அடித்துவிட்டது. பனேகாஸ், "இது புனித நீராட்டு, துடைக்காதீங்க" என்றார். நான் நன்றாகத் திட்டினேன். குஞ்சுகள் இப்போது கூட்டை விட்டுக் கும்பல் கும்பலாக ஒண்டி நிற்கின்றன. கடலிலிருந்து தாய் வந்தால் உடனே ஊட்டுவதில்லை, ஓடுகிறது. பின்னாலேயே குஞ்சு விழுந்து எழுந்து சேற்றில் புரண்டு துரத்துகிறது. ஓட முடிந்ததுக்குத்தான் சாப்பாடு. இன்னும் ஒரு வாரத்தில் இதுகள் கடலில் இறங்கிவிடும். ஒன்றின் சிறகிலும் நான் எதையும் மாட்டவில்லை, மாட்டவும் போவதில்லை. இருநூறு பட்டைகளும் பெட்டி பிரிக்காமல் இந்தத் தபால் பையிலேயே உனக்கு வருகின்றன. என் கணக்குகளின் ஒரு படியும் இருக்கிறது. மாநாட்டில் நீ அதைச் சொன்னால் நல்லது. சொல்லாவிட்டால் அடுத்த வருடம் நான் சொல்வேன்.

417 திரும்பி வந்திருக்கிறாள். குஞ்சு இல்லாதவை இந்த மாதத்தில் பழைய கூட்டுக்கு வந்து போகும், உனக்குத் தெரியும். அவனும் வந்தான், தின்று தேறிவிட்டான். இரண்டு பேரும் ஒரு முழு நாள் வெறும் கூட்டுக்குக் கல் பொறுக்கினார்கள். எதற்கு என்று கேட்காதே, பருவம் முடிந்துபோயிற்று. நான் குனிந்து அவள் பட்டையை வெட்டினேன். நன்றி கின்றி ஒன்றும் இல்லை, என் மணிக்கட்டைக் கிழித்துவிட்டுப் போனாள். அந்தப் பட்டையைச் சிறிய உறையில் வைத்திருக்கிறேன். செலஸ்தேயிடம் கொடு. இதை அவள் தன் இடது மணிக்கட்டில் மாட்டிக்கொண்டு ஒரு நாள் முழுக்கக் குளிக்கட்டும், சாப்பிடட்டும், ஓடட்டும். பிறகு அந்த அம்மா ஏன் தாமதமாக வந்தாள் என்று நீ உன் வாயால் சொல். ஓஃபெலியாவையும் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு சொல்.

இன்னொன்று. விரிகுடாவில் இந்த வருடம் பனிக்கட்டி கலையவில்லை. கப்பல் மார்ச் முதல் வாரம் வராதாம். மார்ச் கடைசி என்கிறார்கள், ஏப்ரலும் ஆகலாம் என்கிறார்கள். செலஸ்தே பள்ளி திறக்கும் நாளில் நான் வாசலில் நிற்க மாட்டேன். நீ மாநாட்டுக்குப் போகும் நாளிலும் வந்து சேராமல் போகலாம். குழந்தையை அக்கா வீட்டில் விட்டுவிட்டுப் போகத்தான் உனக்குத் தோன்றும்.

உன்மேல் எனக்கு இன்னும் அருவருப்பு தீரவில்லை, மறைக்க மாட்டேன். என்மேலும் தீரவில்லை. ஊருக்கு வந்து இரண்டு பேரும் சண்டை போடலாம், அதற்குச் சொல் நிறைய சேர்த்து வைத்திருக்கிறேன். அதுவரை ஒன்றுதான் கேட்கிறேன். நான் வந்துகொண்டுதான் இருக்கிறேன். முப்பத்தொன்றாம் கூட்டுக்காரி ஒரே ஒரு நாள் பிந்தி வந்தாள், அவ்ரேலியோ.

எழுந்து போய்விடாதே.

நில்தா